கிடங்குக்காரர் சொல்லாத வசனம்

ஜூன் 4

மகளுக்கு,

இது ஒரு புகார்க் கடிதம். அப்பா எழுதியது என்று கிழித்துப் போட்டுவிடாதே. உங்கள் கம்பெனி விளையாட்டை விளையாடும் ஒரு வீட்டிலிருந்து வந்ததாக எடுத்துக்கொள். பத்து மாதமாக நீ என் போனை எடுப்பதில்லை. உன் அம்மாவிடம் சொல்லி அனுப்பலாம் என்று பார்த்தால், "உங்க ரெண்டு பேருக்கும் நடுவுல நான் தபால்காரி இல்ல. கையெழுத்து நல்லாத்தானே இருக்கு, எழுதிக்குங்க" என்று சொல்லிவிட்டாள். ஆகவே எழுதுகிறேன். ஒரு தடவைதான் சொல்வேன், கவனமாகப் படி.

நீ வேலை பார்க்கும் இடத்தில் செய்தது என்பதற்காகவே உன் அம்மா அந்த விளையாட்டை உன் பழைய கம்ப்யூட்டரில் போட்டுக்கொண்டாள். பல் டாக்டரிடம் வரவேற்பு மேசை வேலை முடிந்து வந்ததும் தோளிலிருந்து கைப்பையைக்கூட இறக்காமல் உட்கார்ந்துவிடுகிறாள். அதில் அவள் ஆறடி உயரப் பெண், முதுகில் கோடரி. நேற்று ஒரு ராட்சதப் பல்லியை வெட்டிச் சாய்த்துவிட்டு எழுந்து வந்து, சாப்பாட்டில் உப்பு சரியாக இருக்கிறதா என்று என்னைக் கேட்டாள்.

விஷயம் இதுதான். கோட்டைக்கு வெளியே பாலத்துக்கு அடியில் கிடங்குக்காரர் என்று ஒரு ஆளை வைத்திருக்கிறீர்கள். நிஜ ஆள் இல்லை, விளையாட்டுக்குள்ளேயே உட்கார்ந்திருக்கும் பொம்மை. நமக்கு வேண்டாத பொருளை அவரிடம் கொடுத்தால் பதிலுக்கு ஒன்று தருவார். எதைத் தருவது என்பது அவர் இஷ்டம். பையில் இடம் போதவில்லை என்று உன் அம்மா போன மாதம் ஒரு பழைய தாளை அவரிடம் தள்ளிவிட்டாள். அப்புறம்தான் தெரிந்தது, அது சதுப்பு நிலத்தைக் கடப்பதற்கான வரைபடம். அது இல்லாமல் ஓர் அடி மேலே போக முடியாது. திரும்பக் கேட்டால் அந்த ஆள் மேசையை இரண்டு தட்டுத் தட்டி, "போனது போனதுதான். அடுத்த ஆள்" என்கிறார். பின்னால் ஈ காக்கை கிடையாது. யாரை அடுத்த ஆள் என்கிறார்?

உன் அம்மா கைவிட்டுவிட்டாள். நான் விடவில்லை. முப்பத்துமூன்று வருஷம் ஆஸ்பத்திரிக் கிடங்கில் குப்பை கொட்டியவன், ஒரு பொம்மையிடம் தோற்பதா? எட்டு நாளாக அவர் முன்னால் போய் நிற்கிறேன். ஓட்டைக் கேடயம் கொடுத்தேன், ஒற்றைச் செருப்பு கொடுத்தார். அந்தச் செருப்பையே திருப்பிக் கொடுத்தேன், இன்னொரு ஒற்றைச் செருப்பு வந்தது. அதுவும் இடது கால். கைப்பிடி இல்லாத வாள், தவளை எலும்பு, காலிக் குப்பி எல்லாம் கொடுத்துப் பார்த்தாயிற்று. வரைபடம் மட்டும் வரவில்லை. கொஞ்சம் அழுத்திக் கேட்டால், "ஒரு தடவைதான் சொல்வேன்" என்று முகத்தில் அடித்த மாதிரி சொல்கிறார். பேச்சா இது? இப்படி ஒரு திமிர் பிடித்த ஆளை யார் வேலைக்கு வைத்தது?

கவுன்டரை ஒரு மணிக்கு மூடிவிட்டு இதை எழுதுகிறேன். வெளியே ஒரு நர்ஸ் கதவைத் தட்டிக்கொண்டே இருக்கிறார். ஒன்றரைக்குத்தான் திறப்பேன் என்று எழுதி ஒட்டியிருக்கிறேன், படிக்க வேண்டாமா? உடனே பதில் தேவை.

அப்பா


ஜூன் 11

மதிப்புக்குரிய வாடிக்கையாளருக்கு,

தங்கள் புகார் கிடைத்தது. கிடங்குக்காரரைப் பற்றி இதுவரை வந்த புகார்களில் தங்களுடையது இரண்டாயிரத்து நூற்றுப் பதினேழாவது. கையால் எழுதி வந்தது இது ஒன்றுதான்.

பண்டமாற்றில் கொடுத்த பொருள் திரும்பி வராது என்பது தற்போதைய நிலை. இடது கால் செருப்பு தொடர்ந்து வருவது பிழையன்று. அவரிடம் வலது கால் செருப்பே கிடையாது. அவர் பேசும் விதம் குறித்த தங்கள் மனவருத்தத்தைக் குறித்துக்கொண்டோம். அவருடைய வசனங்களை எழுதியது நான்தான் என்பதால் பொறுப்பும் என்னுடையதுதான்.

இப்படிக்கு,
வசனப் பிரிவு

பி.கு. அம்மாவின் முட்டிவலி எப்படி இருக்கிறது? அவளிடம் கேட்டால் வலியே இல்லை என்பாள்.


ஜூன் 16

மகளுக்கு,

வாடிக்கையாளராம். பெற்று வளர்த்தவனுக்கு நல்ல பட்டம். உன் அம்மாவுக்கு முட்டி வலிக்கத்தான் செய்கிறது. படி ஏறும்போது கைப்பிடியைப் பிடித்துக்கொள்கிறாள். விளையாட்டில் மட்டும் மலை மேல் ஓடுகிறாள்.

அந்த ஆளின் வசனத்தை எழுதியது நீதான் என்று தெரிந்ததும் எனக்கு இன்னும் எரிச்சல். உனக்கு நான் இப்படியா பேசச் சொல்லிக்கொடுத்தேன்? நேற்று பன்னிரண்டு தடவை மாற்றினேன். ஒவ்வொரு தடவையும் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி, கயிற்றில் தொங்கவிட்டு, பொருளைத் தூக்கிப் பார்த்து, "ரெண்டு வருஷமா இதை நீ தொடவே இல்லையே, உனக்கு எதுக்கு?" என்று கேட்கிறார். என் பொருள், நான் தொடுவேன், தொடாமல் இருப்பேன். இவருக்கு என்ன வந்தது? பதின்மூன்றாவது தடவை போனால் கதவை இழுத்து மூடிவிட்டார். உச்சி வேளையாம், சாப்பாட்டு நேரமாம். பொம்மைக்கு என்ன சாப்பாடு?

இதையெல்லாம் உன் அம்மாவிடம் சொல்லிப் புலம்பினேன். அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள். கண்ணில் தண்ணீர் வரச் சிரித்துவிட்டு, காரணம் கேட்டால் "ஒண்ணுமில்ல, நீங்க போய் அவர்கிட்ட இன்னும் கொஞ்சம் சண்டை போடுங்க, நான் பக்கத்துல உக்காந்து பாக்கறேன்" என்கிறாள். வீட்டிலும் மரியாதை இல்லை, பாலத்துக்கு அடியிலும் மரியாதை இல்லை.

அந்த ஆளைத் திருத்து. இல்லாவிட்டால் வேலையை விட்டுத் தூக்கு.

அப்பா


ஜூன் 23

அப்பா,

உங்களுக்கு இன்னுமா புரியவில்லை?

கண்ணாடியில் கயிறு. காதில் பென்சில். மேசையில் இரண்டு தட்டு. "ஒரு தடவைதான் சொல்வேன்." ஒரு மணிக்குக் கதவு. நான் யாரையும் கற்பனை செய்யவில்லை. இருபத்தாறு வருஷம் எதிரில் உட்கார்ந்து சாப்பிட்ட ஆளை அப்படியே எழுதினேன்.

போன வருஷம் ஆகஸ்டில் நான் வேலை முடிந்து வந்தபோது என் கட்டிலுக்கு அடியில் இருந்த பெட்டி இல்லை. பதினொரு வயதிலிருந்து நான் எழுதி வைத்திருந்த ஒன்பது நோட்டுகள் அதில் இருந்தன. எங்கே என்று கேட்டேன். பழைய பேப்பர் கடைக்குப் போய்விட்டது என்றீர்கள். ஏன் என்று கேட்டேன். "ரெண்டு வருஷமா நீ அதைத் தொடவே இல்ல" என்றீர்கள். நான் அழுதேன். நீங்கள் சாப்பாட்டு மேசையை இரண்டு தட்டுத் தட்டி, "போனது போனதுதான். சாப்பிட வா" என்றீர்கள். அந்தச் சனிக்கிழமை நான் கிளம்பிவிட்டேன்.

எட்டு நாள் அந்த ஆள் முன்னால் நின்றதற்கே உங்களுக்கு இவ்வளவு எரிச்சல் வருகிறது. வரைபடம் உங்களுடையதுகூட இல்லை.

நான் வீட்டை விட்டுப் போன பிறகு ஒரு வாரம் முழுக்க நீங்கள் இருமிக்கொண்டே இருந்தீர்கள் என்று அம்மா அப்போது சொன்னாள். கிடங்குத் தூசி என்றீர்களாம். இப்போது சரியாகிவிட்டதா?


ஜூன் 27

உன் அம்மா கைக்கண்ணாடியைக் கொண்டுவந்து என் முன்னால் வைத்தாள். காதில் பென்சில் இருந்தது.

எத்தனை பேர் அந்த ஆளைப் பார்த்துச் சிரிக்கிறார்கள்? என் மேல் கோபம் இருந்தால் என்னிடம் சண்டை போட்டிருக்கலாம். ஊருக்கெல்லாம் காட்டியிருக்க வேண்டாம். கிடங்கில் என்னுடன் வேலை செய்யும் பெண் அதை விளையாடுகிறாளாம். மூன்று மாதமாக அவள் என்னைப் பார்க்கும்போதெல்லாம் உதட்டைக் கடித்துக்கொள்வது ஏன் என்று இப்போதுதான் தெரிகிறது.

இருமல் சரியாகிவிட்டது.


ஜூலை 3

அப்பா,

சிரிப்பதற்காக எழுதவில்லை. இங்கே சேர்ந்த முதல் வாரம் ஒரு பாத்திரம் எழுதித் தரச் சொன்னார்கள். அப்போது எனக்கு இருந்த கோபத்தில் கைக்கு வந்தது அவர்தான். ஆனால் ஒன்று சொல்லட்டுமா? இந்த விளையாட்டில் மக்களுக்கு ரொம்பப் பிடித்த ஆள் அவர்தான். ராணி இல்லை, டிராகன் இல்லை. ஒரு பெண் எழுதியிருந்தாள், மாற்றுவதற்கு ஒன்றுமே இல்லாவிட்டாலும் திட்டு வாங்குவதற்காகவே தினமும் போகிறாளாம்.

இப்போது எனக்கு ஒரு பிரச்சினை. உங்களிடம் கேட்கக் கூடாது என்று ஐந்து மாதம் பிடிவாதமாக இருந்தேன். வேறு வழி இல்லாமல் கேட்கிறேன்.

தெரியாமல் கொடுத்த பொருளைத் திருப்பித் தரும் வசதியை இங்கே எப்போதோ செய்து முடித்துவிட்டார்கள். ஆனால் பொருளைக் கையில் கொடுக்கும்போது அவர் ஏதாவது ஒன்று சொல்ல வேண்டும். தப்பு செய்துவிட்டோம் என்று தெரிந்து திருப்பிக் கொடுக்கும் ஒருவர் என்ன சொல்வாரோ அது. அந்த வசனத்துக்கான கட்டம் என் திரையில் காலியாகவே இருக்கிறது. முந்நூறு வசனம் அவருக்கு எழுதிவிட்டேன், இந்த ஒன்று வரவில்லை. நான் எதை எழுதினாலும் அது அவர் பேசுகிற மாதிரி இல்லை. அந்த ஆள் அப்படிப் பேசி நான் கேட்டதே இல்லை.

எங்கள் பிரிவுத் தலைவி பொறுத்துப் பொறுத்துப் பார்த்தார். ஜூலை முப்பத்தொன்றுக்குள் வசனம் வராவிட்டால் அவரைத் தூக்கிவிட்டு, அந்த இடத்தில் சிரித்த முகமாக ஒரு பெண்ணை உட்காரவைக்கப் போகிறார்களாம். அவளை வேறொருவர் எழுதுவார். நான் இங்கே எழுதியதில் எனக்கே பிடித்தது அவர் ஒருவர்தான் அப்பா. அவரையும் குப்பையில் போட்டுவிட்டால் நான் என்ன செய்வேன் என்று தெரியவில்லை.

நீங்கள் சொல்லுங்கள். அவர் என்ன சொல்வார்? இருபது சொல்லுக்குள் இருக்க வேண்டும். அதற்கு மேல் போனால் திரையில் அடங்காது.


ஜூலை 8

மகளுக்கு,

கேட்டபடி வசனம் எழுதி அனுப்புகிறேன். ஒரு நாள் முழுக்க யோசித்து எழுதியது.

"தவிர்க்க இயலாத நிர்வாகக் காரணங்களால் தங்கள் பொருள் இடம் மாறியமைக்கு வருந்துகிறோம். பொருளின் உரிமையாளர் உரிய காலத்தில் அதைப் பயன்படுத்தாததும் இதற்கு ஒரு காரணம் என்பதைக் கனிவுடன் தெரிவித்துக்கொள்கிறோம்."

எண்ணிப் பார்த்தேன், இருபத்தொரு சொல் வருகிறது. "கனிவுடன்" என்பதை எடுத்துவிடலாம்.

கூடவே ஒன்று சொல்லிவிடுகிறேன். அந்தப் பெட்டி விஷயத்தில் நான் கண்ணை மூடிக்கொண்டு எதுவும் செய்யவில்லை. எங்கள் கிடங்கில் இரண்டு வருஷம் அசையாத சரக்கைக் கழிப்புப் பட்டியலில் ஏற்றிவிடுவோம். இல்லாவிட்டால் புதிதாக வரும் பஞ்சுக்கும் ஊசிக்கும் இடம் இருக்காது. வீட்டிலும் அதே கணக்குத்தான். உன் பெட்டி மேல் ஒரு விரல் கனத்துக்குத் தூசி. பூட்டும் துருப்பிடித்திருந்தது. யாராக இருந்தாலும் வேண்டாத பொருள் என்றுதான் நினைப்பார்கள். ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் என்கிறாய். நீ அப்போது வேலைக்குப் போயிருந்தாய்.

அப்பா


ஜூலை 13

அப்பா,

வேலைக்குத்தான் போயிருந்தேன். செத்துப் போயிருக்கவில்லை. சாயங்காலம் வரை பொறுத்திருக்கலாம்.

உங்கள் வசனம் ஆஸ்பத்திரி அறிவிப்புப் பலகையில் ஒட்ட வேண்டியது. லிஃப்ட் பழுதானால் மாட்டுங்கள். அதைத் தலைவியிடம் காட்டக்கூட எனக்கு வெட்கமாக இருந்தது. எதை வேண்டுமானாலும் எடுத்திருக்கலாம் அப்பா, உங்களுக்கு எடுக்கத் தோன்றியது "கனிவுடன்" என்ற சொல்லைத்தான்.

அந்த நோட்டுகளை ஏன் இரண்டு வருஷம் தொடவில்லை என்று நீங்கள் இன்றுவரை கேட்கவில்லை. நானே சொல்கிறேன். உங்கள் சிபாரிசில் ஆஸ்பத்திரி அலுவலகத்தில் எனக்கு வேலை கிடைத்த அன்று இரவு நான்தான் அந்தப் பெட்டியைப் பூட்டினேன். திறந்தால் உட்கார்ந்து எழுத ஆரம்பித்துவிடுவேன். எழுத ஆரம்பித்தால் மறுநாள் அந்த வேலைக்குப் போக மாட்டேன். நீங்கள் பத்துப் பேரிடம் சொல்லி வாங்கிக்கொடுத்த வேலை. உங்கள் முகத்துக்காகத் திறக்காமல் இருந்தேன். வேண்டாததால் தொடாமல் இல்லை. தொட்டால் விட முடியாது என்பதால் தொடவில்லை.

அதில் ஒரு நோட்டு முழுக்க வரைபடம். நம் தெரு, தண்ணீர்த் தொட்டி, உங்கள் கிடங்கின் பின்வாசல், எல்லாம் ஒரு ராஜ்ஜியம் மாதிரி. அம்மா தொலைத்தாளே சதுப்பு நில வரைபடம், அது அந்த நோட்டில் இருந்ததுதான். இங்கே வந்து ஞாபகத்திலிருந்து திரும்ப வரைந்தேன். பாதி தப்பாக வந்திருக்கிறது.

இன்னொரு தடவை முயற்சி செய்ய முடியுமானால் செய்யுங்கள்.


ஜூலை 17

எனக்கு வரவில்லை. நாலு தாள் எழுதிக் கிழித்துவிட்டேன். அந்த மாதிரிப் பேசி எனக்குப் பழக்கம் இல்லை. நீதானே எழுதுகிறவள், நீயே எழுதிக்கொள்.


ஜூலை 22

அப்பா,

சிரித்த முகப் பெண்ணை வரைந்து சுவரில் ஒட்டிவிட்டார்கள். தலையில் பூ வைத்திருக்கிறாள். எதைக் கொடுத்தாலும் "பரவாயில்லை, பரவாயில்லை" என்கிறாள். என் நாற்காலிக்கு நேர் எதிரில் இருக்கிறாள்.

நான் மறுபடி எழுதிப் பார்த்தேன். அவர் வாயிலிருந்து வரவில்லை. இனி உங்களைத் தொந்தரவு செய்ய மாட்டேன். அம்மாவிடம் மட்டும் சொல்லிவிடுங்கள், அந்த வரைபடத்துக்காக இனி யாரும் போய் நிற்க வேண்டாம்.


ஜூலை 25

வாலுக்கு,

இந்தப் பெயரால் உன்னைக் கூப்பிட்டு வெகுநாள் ஆகிறது. உன் ஊர்ப் பேருந்தை ஓட்டும் நம் பக்கத்து வீட்டுக்காரரிடம் இந்தக் கடிதத்தைக் கொடுத்து அனுப்புகிறேன். தபாலை நம்பினால் முப்பத்தொன்றுக்குள் வந்து சேராது.

உன் பதின்மூன்றாம் தேதிக் கடிதத்தைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டுதான் வேலைக்குப் போகிறேன். எங்கள் பட்டியலில் பொருளின் பெயருக்கு ஒரு கட்டம் உண்டு, கடைசியாக அசைந்த தேதிக்கு ஒரு கட்டம் உண்டு. ஏன் அசையவில்லை என்பதற்குக் கட்டம் கிடையாது. முப்பத்துமூன்று வருஷத்தில் அது ஒரு குறை என்று எனக்குத் தோன்றியதே இல்லை. ஆனால் கிடங்கின் வடக்கு மூலையில் ஒரு சிவப்பு அலமாரி இருக்கிறது. விஷமுறிவு மருந்து, தீக்காயத்துக்கான கட்டுகள், அந்த மாதிரிச் சரக்கு. அதற்கு மட்டும் இரண்டு வருஷ விதி கிடையாது. பத்து வருஷம் அசையாவிட்டாலும் தேதி பார்த்துப் புதுசு வைப்போமே தவிர கழிக்க மாட்டோம். தொடாமல் இருக்கும் பொருள் எல்லாம் வேண்டாத பொருள் இல்லை என்று தினமும் என் கண் முன்னாலேயே எழுதி வைத்திருக்கிறது. அந்த அலமாரியின் சாவியும் என்னிடம்தான் இருக்கிறது. எனக்குத் தெரியாது என்று சொல்ல முடியாது.

இருமலைப் பற்றிக் கேட்டாயே, அது கிடங்குத் தூசி இல்லை. நீ கிளம்பிப் போனதும், திங்கட்கிழமை பழைய பேப்பர் கடைக்குப் போனேன். நோட்டுகள் மூட்டையாகக் கட்டிப் பின்னால் கொட்டகையில் போட்டாயிற்று, எந்த மூட்டை என்று தெரியாது என்றார் கடைக்காரர். நானே தேடிக்கொள்கிறேன் என்றேன். மூன்று நாள் லீவு போட்டேன். உன் அம்மாவிடம் வேலைக்குப் போவதாகச் சொல்லிவிட்டுத் தேடினேன். எத்தனை மூட்டை அவிழ்த்தேன் என்று நினைவில்லை. யார் யாருடைய பரீட்சைத் தாளெல்லாமோ இருந்தன, கல்யாணப் பத்திரிகைகள் இருந்தன, உன் கையெழுத்து மட்டும் இல்லை. மூன்றாம் நாள் கடைக்காரர், பாதிச் சரக்கு முதல் நாளே ஆலைக்குப் போய்விட்டது என்றார். அதை முன்னாலேயே சொல்லித் தொலைத்திருக்கக் கூடாதா என்று அவரிடம் சண்டை போட்டேன். எனக்குக் கோபம் அவர் மேல் இல்லை.

இதை ஏன் உன்னிடம் சொல்லவில்லை என்று கேட்பாய். நோட்டு கிடைத்திருந்தால் கொண்டுவந்து உன் மேசையில் வைத்துவிட்டு ஒன்றும் பேசாமல் போயிருப்பேன். கையில் ஒன்றும் இல்லாமல் வந்து நின்று பேச எனக்குத் துணிச்சல் இல்லை. உன் பொம்மையின் பாடும் அதுதான் என்று நினைக்கிறேன். திருப்பிக் கொடுக்கப் பொருளாவது அவரிடம் இருக்கிறது. கொடுத்து வைத்தவர்.

இதோ வசனம். கிழிக்காமல் ஒரே தடவையில் எழுதினேன்.

"இது உன்னுது. உன்னைக் கேக்காம எடுத்தது என் தப்பு. எத்தனை தடவை வேணும்னாலும் சொல்றேன்."

பதினொரு சொல். மீதி ஒன்பதை நீ வைத்துக்கொள்.

அப்பா


ஆகஸ்ட் 12

வாலுக்கு,

அந்த ஓட்டுநர் கடிதத்தை உன் கையிலேயே கொடுத்ததாகச் சொன்னார். நீ வாசலில் நின்றபடியே படித்தாயாம், அதற்கு மேல் அவர் ஒன்றும் சொல்லவில்லை. உன்னிடமிருந்து பதில் இல்லை. வசனம் தேறியதா, அந்தப் பூ வைத்த பெண் வந்துவிட்டாளா என்று தெரியாமல் இரண்டு வாரம் தவித்துப் போனேன். உன் அம்மாவைக் கேட்டால், "நான் தபால்காரி இல்லன்னு அன்னைக்கே சொன்னேனே" என்கிறாள்.

நேற்று சாயங்காலம் விளையாட்டு தன்னைத் தானே புதுப்பித்துக்கொண்டது. உன் அம்மா நேரே பாலத்துக்கு அடியில் போய் நின்றாள். நான் பக்கத்து அறையில் செய்தித்தாளை விரித்து வைத்திருந்தேன். ஒரு வரிகூடப் படிக்கவில்லை. அந்த ஆள்தான் உட்கார்ந்திருந்தாராம், பூவும் இல்லை, பெண்ணும் இல்லை. வரைபடத்தைக் கேட்டாளாம். அவர் மேசையைத் தட்டவில்லையாம். கண்ணாடியைக் கழற்றிக் கயிற்றில் விட்டாராம். அப்புறம் திரையில் வந்ததை உன் அம்மா எனக்குக் கேட்கும்படி சத்தமாகப் படித்தாள். பதினொரு சொல்லும் அப்படியே இருந்தன.

இனி சதுப்பு நிலத்தைக் கடந்துவிடுவாள் என்று நினைத்தேன். கடக்கவில்லை. வரைபடத்தைக் கையில் வாங்கி, உடனே அவரிடமே திருப்பிக் கொடுத்துவிட்டு, மறுபடியும் கேட்டாள். அவர் மறுபடியும் சொன்னார். இவளும் மறுபடியும் சத்தமாகப் படித்தாள். இப்படி ஏழு தடவை. போதும் என்று இங்கிருந்து கத்தினேன். "அவரே சொல்றாரு, உங்களுக்கு என்ன?" என்று கேட்டுவிட்டு எட்டாவது தடவை கொடுத்தாள்.

செய்தித்தாளை மடித்து வைத்துவிட்டேன். நான்தான் எழுதிக் கொடுத்துவிட்டேனே.

அப்பா


ஆகஸ்ட் 16

அப்பா,

பதில் எழுதப் பத்துத் தடவை உட்கார்ந்தேன். உங்கள் கடிதத்தை வாசலில் படித்தேன், அப்புறம் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு படித்தேன். பேப்பர் கடைக் கொட்டகையில் நீங்கள் மூட்டை அவிழ்த்தது தெரியாமலேயே ஒரு வருஷம் உங்கள் மேல் கோபமாக இருந்திருக்கிறேன். அந்தக் கோபம் முழுக்கப் போய்விட்டது என்று பொய் சொல்ல மாட்டேன். என் நோட்டுகள் போனது போனதுதான்.

உங்கள் வசனத்தில் ஒரு எழுத்தைக்கூட நான் மாற்றவில்லை. தலைவி படித்துவிட்டு எழுந்து போய் அந்தப் பூ வைத்த பெண்ணைச் சுவரிலிருந்து கிழித்தார். மீதி ஒன்பது சொல்லும் பத்திரமாக இருக்கிறது.

சனிக்கிழமை காலை வண்டியில் வருகிறேன். புது நோட்டு ஒன்று வாங்கியிருக்கிறேன். அந்த வரைபடத்தில் தப்பாகப் போட்டதையெல்லாம் நீங்கள் என் பக்கத்தில் உட்கார்ந்து திருத்த வேண்டும். கிடங்கின் பின்வாசல் எந்தப் பக்கம் என்று எனக்கு இன்னும் சந்தேகம்.

அங்கே அவர் எத்தனை தடவை வேண்டுமானாலும் சொல்லட்டும். நீங்கள் நேரில் ஒரு தடவை சொன்னால் போதும்.

வாலு